அரைப்பேர்

உங்கள் கடிதம் வந்தது, டாக்டர் ரெய்ன்ஹில்ட்.
கிளினிக் மிஸ்ஸி கலாவல்லி
இரண்டு முறை படித்துச் சொன்னாள்.
'எதிரொலியை விற்றவன்' எங்கெங்கே மேடையேறியது என்று
பட்டியல் போடுகிறீர்களாம்.
பாடாங் செராய்க்கு எதிரே
ஒரு கேள்விக்குறி நிற்கிறதாம்.

மற்ற ஊர்களையும் வாசிக்கச் சொன்னேன்.
முதல் இரவே மெழுகுவர்த்தி சாய்ந்து
காகிதக் காடு எரிந்ததை.
சாவு பிடிக்காத ஒரு பிரபுவுக்காக
முடிவில் கல்யாணம் வைத்ததை.
எண்பது வருஷம் எவரும் தொடாமல் கிடந்ததை.
பிறகு நிஜக் குதிரையை ஏற்றி
அது மேடையிலேயே லத்தி போட்டதை.
குண்டு விழுந்து கூரை போன நூற்பாலையில்
குடை பிடித்துக்கொண்டு ஜனங்கள் கேட்டதை.

அப்புறம் நாங்கள்.
அறுபத்து மூன்று, தீபாவளிக்கு முந்திய சனி, கிளப் மண்டபம்.
ஓரம் தள்ளிய பில்லியர்ட்ஸ் மேசைமேல்
பியானோக்காரரின் சட்டை காய்ந்துகொண்டிருந்தது.

ஆலை எஞ்சினியர் பெண்டாட்டி ஒட்டீலியா.
ஒட்டுப்பால் அம்மா என்போம். அவருக்கும் தெரியும்.
மரங்களின் கோரஸுக்கு ஆள் தேடி
பெரட்டுக் களத்துக்கே வந்தார்.
இருபத்திரண்டு பால்வெட்டுப் பெண்கள்
ஜெர்மனைத் தமிழில் எழுதிப் படித்தோம்.
வால்ட் என்றால் காடு.
வால் மட்டும்தான் வாயில் நின்றது.
டோட் என்றால் சாவு.
தோட்டம் என்றே காதில் விழுந்தது.
திருத்திப் பார்த்தார், பிறகு விட்டுவிட்டார்.

காடென்றால் கலைந்து நிற்க வேண்டும் என்பார்.
கலைந்துதான் நிற்போம்.
பாட்டு தொடங்கியதும் கால்கள் தாமாக
நிரை பிடித்துவிடும்.
அந்த ஊர்க் காட்டை யார் நட்டது என்று
நெட்டையம்மா கேட்டாள்.
யாரும் நடவில்லை என்றார்.
நாங்கள் நம்பவில்லை.

வேட்டைக் கொம்புக்குப் பால் லாரியின் ஹாரன்.
சன்னாசி ஒரு பாட்டு முந்தியே அடித்துவிட்டான்.
மரவெட்டியாக, சுங்கைப்பட்டாணி பல் டாக்டர் கூ.
நல்ல குரல். கைதான்
காற்றிலிருந்து எதையோ பிடுங்கிக்கொண்டே இருந்தது.

இரண்டாம் அங்கம்.
மாவு மில்லுக்காரன் மகளைக் கட்டத்
தன் எதிரொலியைக் காட்டுக்கு விற்றவன்
இருட்டில் நின்று அவள் பெயரைக் கூப்பிடுவான்.
மூன்று தரம். பதில் வரக்கூடாது.
மரங்கள் மூச்சு விடக்கூடாது.
பியானோகூட விரலை எடுத்துவிடும்.
அந்த மௌனத்துக்காகத்தான் இந்த ஓபராவே என்று
ஒரு மாசமாகச் சொன்னார் ஒட்டுப்பால் அம்மா.

விளக்கை அணைத்தார்கள்.
கூ கூப்பிட்டார்.
மறுபடி கூப்பிட்டார்.

விடியுமுன் ஐந்து மணி இருட்டில்
நிரைக்கு நிரை கூப்பிட்டுக்கொள்வோம், டாக்டர்.
பாம்போ, பன்றியோ, ஆளோ,
கூப்பிட்டவளுக்குப் பதில் இல்லையென்றால்
வாளியைப் போட்டுவிட்டு ஓடுவோம்.
ஒருநாள் அழகிரியம்மாளிடமிருந்து வரவில்லை.
ஓடினோம்.
அதற்குமேல் வேண்டாம்.

மூன்றாவது முறை கூப்பிட்டார்.
"ஓய், இங்கதான் இருக்கேன்" என்றேன்.

ஜன்னலுக்கு வெளியே லயத்து ஜனம் சிரித்தது.
உள்ளே துரைமார் பதினோரு பேர்
இது கதையில் உண்டா என்று
ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தார்கள்.
கூ மட்டும், நடிப்போ நிஜமோ,
என் பக்கம் திரும்பி நெஞ்சில் கைவைத்தார்.
பியானோ மறுபடி தொடங்கவேயில்லை.
மூன்றாம் அங்கத்தில் எதிரொலியை மீட்க வேண்டும்.
மீட்க இனி என்ன இருக்கிறது என்று
ஒட்டுப்பால் அம்மா தாமே திரையை இழுத்தார்.

முழு மேடையேற்றமா என்று கேட்டிருக்கிறீர்கள்.
கேள்விக்குறியை எடுத்துவிட்டு
எதை வேண்டுமானாலும் போடுங்கள்.

சாட்சியும் கேட்டிருக்கிறீர்கள்.
அந்த மாசத்துச் செக்ரோல் எங்காவது இருந்தால் பாருங்கள்.
மரமாக நின்ற இருபத்தொரு பேருக்கும்
கிராணி அரைப்பேர் போட்டார்.
எனக்குப் போடவில்லை.
மரம் அப்படியெல்லாம் பேசக்கூடாதாம்.